மாகறல் கூடை

பேட்டைத் தெருவில் உம்முசல்மாவைப் பற்றி இரண்டு விஷயம் சொல்வார்கள். பட்டுச் சேலை முந்தானைக்குக் குஞ்சம் கட்டுவதில் அவள் கையை மிஞ்சிய கை கிடையாது என்பது ஒன்று. எந்த வீட்டுப் பெண் எந்த வீட்டுக்குப் போனாள், யாருக்கு யார் என்ன முறை என்று கேட்டால், கொள்ளுப்பாட்டிக்குப் பாட்டி வரைக்கும் போய் ஆளைப் பிடித்துக்கொண்டு வருவாள் என்பது இன்னொன்று. மூன்றாவதும் உண்டு, அதை அவள் காதுபடச் சொல்ல மாட்டார்கள். தனக்குச் சேர வேண்டியதில் ஒரு இழை பிரிந்து பக்கத்து வீட்டுக்குப் போனாலும் அவளுக்குப் பொறுக்காது.

அவளுடைய அம்மா வழி ஆட்கள் ஆற்காட்டு நவாப் காலத்தில் காஞ்சிபுரத்துக்கு வந்தவர்கள். பீஜப்பூர்ப் பக்கமிருந்து பட்டாளத்தோடு வந்த மதார் சாயபு என்பவர் குதிரைக்குச் சேணம் தைக்கிறவர். பட்டாளம் போய்விட்டது, சேணக்காரர் தங்கிவிட்டார். அவர் சம்சாரம் ஹாஜரா பீ. ஹாஜராவுக்கு மூத்தவள் பாத்திமா, பாத்திமாவுக்கு ரஹீமா, ரஹீமாவுக்கு சக்கீனா, சக்கீனாவுக்கு மக்பூல், மக்பூலுக்கு ஜைத்தூன், ஜைத்தூனுக்கு கைருன்னிசா, கைருன்னிசாவுக்கு மூத்தவள் உம்முசல்மா. அந்த வீட்டில் வீடும் மூத்த மகளுக்குத்தான், மாகறல் கூடையும் மூத்த மகளுக்குத்தான். மாப்பிள்ளை வந்து சேர்ந்துகொள்ள வேண்டியது. உம்முசல்மாவுக்கு வாய்த்த லியாகத் அலியும் வாலாஜாபாத்திலிருந்து ஒரு டிரங்குப் பெட்டியோடு வந்து சேர்ந்தவர்தான்.

மாகறல் கூடை என்னவென்று சொல்லிவிட வேண்டும். வருஷா வருஷம் போகியன்று மாகறல் கிராமத்து விவசாயக் குடும்பம் ஒன்றிலிருந்து ஒரு பிரம்புக் கூடை வரும். பச்சரிசி, வெல்லம், வேரோடு பிடுங்கிய மஞ்சள் கொத்து, ஒரு பூசணிக்காய், மேலே சாய்த்துக் கட்டிய இரண்டு கரும்பு. குங்குமம் இருக்காது. குங்குமம் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கட்டு ஊதுபத்தி. பிறந்த வீட்டிலிருந்து பெண்ணுக்குப் போகிற பொங்கல் வரிசை எப்படிப் போகுமோ அப்படியே வரும். வாங்கிக்கொள்கிறவர்கள் ஒரு கைப்பிடி அரிசியைத் திரும்பக் கூடையில் போட்டு, ஒரு பொட்டலம் பேரீச்சம்பழத்தோடு அனுப்ப வேண்டும். கூடை வெறுமையாகத் திரும்பக் கூடாது. நிறைந்தபடியும் திரும்பக் கூடாது. வெறுமையாகத் திரும்பினால் வாங்கினவளுக்கு மரியாதை தெரியவில்லை என்று அர்த்தம். நிறைந்து திரும்பினால் உறவு முடிந்தது என்று அர்த்தம்.

ஒரு முஸ்லிம் வீட்டுக்கு இது ஏன் வருகிறது என்று யாராவது கேட்டால் உம்முசல்மா வைத்திருக்கிற பதில் ஒன்றுதான். "செய்யாத்துல வெள்ளம் வந்தப்ப எங்க மதார் சாயபு குதிரையோட தண்ணியில எறங்கி அவங்க மாடுங்கள கரை சேர்த்தாரு. அந்த நன்றிக்கு."

அந்த மாகறல் குடும்பத்துப் பெண்தான் பூவம்மாள். நெசவாளி வேலாயுதத்துக்கு வாழ்க்கைப்பட்டு, பேட்டைத் தெருவில் உம்முசல்மா வீட்டுக்கு அடுத்த வீட்டுக்கே வந்தாள். நாற்பத்திரண்டு வருஷமாக இருவரும் ஒரே முந்தானைக்கு இந்த ஓரத்தில் ஒருத்தி, அந்த ஓரத்தில் ஒருத்தியாக உட்கார்ந்து குஞ்சம் கட்டி நடுவில் வந்து சேர்வார்கள். லியாகத் அலி ஜித்தாவுக்குப் போய் ஆறு வருஷம் இருந்தபோது உம்முசல்மாவுக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தவளும் பூவம்மாள்தான். உம்முசல்மாவுக்கு ஓதத் தெரியும், எழுதத் தெரியாது. பூவம்மாள் ஐந்தாவது வரை படித்தவள். இவள் சொல்ல அவள் எழுதுவாள். வீட்டுச் சண்டை, மாமியார் பேச்சு, நடுநடுவே பழைய கதை எல்லாம் அந்தக் காகிதத்தில் போகும். ஒரு முறை லியாகத் அலி பதிலில், "கடிதம் படிக்க ரொம்ப நன்றாக இருக்கிறது, பூவம்மாவுக்கு என் சலாம்" என்று எழுதியிருந்தார். அந்த வரியைப் படித்துக் காட்டும்போது பூவம்மாள் சிரித்தாள். உம்முசல்மா அடுத்த இரண்டு மாதம் கடிதமே போடவில்லை.

லியாகத் அலி காலமாகி எட்டு வருஷமாகிறது. மகன் ஷாஹித் ஜரிகைக் கடையில் இருக்கிறான். நாள் அப்படியே ஓடிக்கொண்டிருந்தபோதுதான் ஒரு மார்கழியில் அம்பரீன் வந்தாள்.

அம்பரீன் வாணியம்பாடிக்காரி. சென்னையில் கல்லூரியில் பாடம் சொல்கிறாள், நாற்பது வயதிருக்கும். எங்கெங்கிருந்தோ வந்து கோயில் ஊர்களில் தங்கின முஸ்லிம் குடும்பங்கள், அவர்களுக்கு இடம் கொடுத்த குடும்பங்கள், இவற்றைப் பற்றி ஒரு புத்தகம் எழுதுகிறாளாம். காஞ்சிபுரத்துக்கு ஒரு அத்தியாயம். ஒரு குடும்பத்துக்கு ஒருவர் வாயால் கதை வரும், அவர் பேரும் போட்டோவும் போடுவார்களாம். பள்ளிவாசலில் விசாரித்தபோது எல்லோரும் ஒரே விரலால் உம்முசல்மா வீட்டைக் காட்டினார்கள்.

உம்முசல்மாவுக்கு அன்று இரண்டு பிடி சோறு கூடவே இறங்கியது. இத்தனை வருஷம் மனசில் கட்டி வைத்திருந்ததெல்லாம் இதற்குத்தான் என்று தோன்றியது. தன் வம்சம் புத்தகத்தில் ஏறப்போகிறது, அதுவும் தன் வாயால்.

முதல் நாள் அம்பரீனை உட்காரவைத்து மதார் சாயபுவிலிருந்து ஆரம்பித்தாள். பாத்திமாவுக்கு எத்தனை பிள்ளை, அதில் எத்தனை தங்கியது, ரஹீமாவின் கொழுந்தன் எந்தத் தெருவில் கட்டினான். மூன்று மணி நேரம். அம்பரீன் எழுதிக்கொண்டுதான் இருந்தாள். நடுவில் ஒரு தரம் கொட்டாவியை முந்தானையில் ஒளித்தாள். அந்த நேரம் பார்த்து, முடிச்சுப் போட வேண்டிய சேலையைத் தோளில் போட்டுக்கொண்டு பூவம்மாள் உள்ளே வந்தாள்.

"இன்னாடி சல்மா, கல்யாணப் பத்திரிகையா வாசிக்கிற? அந்தப் பொண்ணு மூஞ்சப் பாரு, பேரு கேட்டே பசி வந்துடுச்சி. ஏம்மா, இவ நிக்காஹ் அன்னிக்கி மாப்ள செருப்ப நாய் தூக்கிக்கினு போன கதைய சொன்னாளா?"

அம்பரீன் பேனாவைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள். அவ்வளவுதான், அன்றைக்கே ஆரம்பித்துவிட்டது.

மறுநாள் அம்பரீன் நேரே பூவம்மாள் வீட்டுக்குப் போனாள். அதற்கு மறுநாளும். இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரே சுவர், அதில் ஒரு ஜன்னல். உம்முசல்மா ஜன்னலை ஒட்டி உட்கார்ந்து குஞ்சம் கட்டினாள். அடுப்பில் பால் பொங்கி வழிந்ததுகூடத் தெரியவில்லை. அந்தப் பக்கம் தன் மாமியார் நடந்தாள், தன் அம்மா கைருன்னிசா இருமினாள், தன் வீட்டுக்காரர் ஜித்தாவில் ரொட்டி சுட்டுக் கையைச் சுட்டுக்கொண்டார். எல்லாம் பூவம்மாளின் வாயிலிருந்து. தன் வீட்டுச் சாமானெல்லாம் பக்கத்து வீட்டு வாசலில் கடை பரப்பிக் கிடக்கிற மாதிரி இருந்தது. அதிலும் ஒன்று சொல்ல வேண்டும், அவள் சொல்லும்போது அந்தச் சாமான் பளபளவென்று இருந்தது. அதுதான் தாங்கவில்லை.

நாலாம் நாள் அம்பரீன் பூவம்மாளைக் கூப்பிடுவது காதில் விழுந்தது. "காலா, இன்னும் கொஞ்சம் சத்தமா சொல்லுங்க."

காலா என்றால் அம்மாவின் உடன்பிறந்தவள். உருது பேசுகிற வீட்டில் சின்னம்மா, பெரியம்மாவுக்குச் சொல்கிற சொல். அம்பரீன் வந்த அன்று உம்முசல்மாவை அப்படிக் கூப்பிட்டபோது அவளுக்கு உச்சி குளிர்ந்திருந்தது. இப்போது அதே சொல் சுவருக்கு அந்தப் பக்கம். விரலில் இருந்த பட்டு நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

சாயங்காலம் பூவம்மாள் சேலைக்கு மறு ஓரம் கட்ட வந்தாள்.

"இன்னா காலா, வேலையெல்லாம் முடிஞ்சிதா?" என்றாள் உம்முசல்மா, தலையை நிமிர்த்தாமல்.

"ஆமான்டி, அந்தப் பொண்ணு அப்டிதான் கூப்புடுது. நானா கூப்புட சொன்னேன்?"

"என் வூட்டு கதைய நீ எதுக்குடி அள்ளி வுடுற? உனக்கு உங்க ஊரு கதை இல்லியா?"

"கடுதாசி எழுதி எழுதி உன் கதை என் கதையா ஆயிடுச்சி. நான் இன்னா பண்றது?" பூவம்மாள் சிரித்தாள். பிறகு நூலை இழுத்து முடிச்சை இறுக்கினாள். "அது மட்டும் இல்லடி. கூடை கதையும் சொன்னேன். எங்க வூட்டு பொண்ணு ஒண்ணு சேணக்காரரோட போயிட்ட கதை. அது எனக்கும்தானே சொந்தம்?"

உம்முசல்மாவின் கை நின்றது. "மாடு கரை சேர்த்த கதைதான் நெஜம்."

"சரிடி. மாடு கரை சேர்ந்துச்சி. மாட்டோட ஒரு பொண்ணும் கரை சேர்ந்துச்சி."

இந்தக் கதையில் பூவம்மாளுக்குத் தெரியாதது ஒன்று இருந்தது. உம்முசல்மாவுக்குப் பத்தொன்பது வயதில் முதல் கூடை வந்த அன்று, அம்மா கைருன்னிசா அவளை அடுப்படிக்கு இழுத்துப் போய்க் காதில் ஒரு பேரைச் சொன்னாள். ஹாஜரா பீக்கு, கலிமா சொல்லி இஸ்லாத்துக்கு வருவதற்கு முன்னால் இருந்த பேர். "எங்கம்மா எனக்கு சொன்னது. உன் மூத்த பொண்ணுக்கு சொல்லு. வெளிய யாருக்கும் வேணாம். நாம பீஜப்பூர்க்காரங்க, தெரியுதா?" என்றாள். உம்முசல்மாவுக்குப் பெண்ணே பிறக்கவில்லை. பேர் அவளோடேயே நின்றுபோயிருந்தது. பீஜப்பூர்க்காரி என்ற பெருமை ஒரு பக்கம், அந்தப் பேர் ஒரு பக்கம். இரண்டையும் ஒன்றாகப் புத்தகத்தில் ஏற்ற முடியாது என்று அவள் நினைத்தாள்.

போகி வந்தது. அதற்குள் பழைய பாய்களைக் கொளுத்தி, வாசலைக் கழுவி, பேரீச்சம்பழம் வாங்கி, நீலச் சேலை கட்டிக்கொண்டு உம்முசல்மா தயாராக இருந்தாள். கூடை வருவதை அம்பரீன் போட்டோ எடுக்கப்போகிறாள். கதை அங்கே போனாலும் கூடை இங்கேதான் வர வேண்டும். அதிலும் ஒரு ஒழுங்கு இருந்தது. கூடையைக் கொண்டுவருகிறவர் பூவம்மாளின் அண்ணன் அப்பாதுரை. தன் சொந்தத் தங்கச்சிக்கு ஒரு கூடை, உம்முசல்மாவுக்கு ஒரு கூடை என்று இரண்டு கொண்டுவருவார். ஆனால் முதலில் உம்முசல்மா வாசல், பிறகுதான் பூவம்மாள் வாசல். பழைய உறவு முந்தி, புது உறவு பிந்தி. நாற்பத்திரண்டு வருஷமாகப் பூவம்மாள் இதைச் சொல்லிப் புலம்புவாள். "கூடப் பொறந்தவளுக்கு ரெண்டாவது. மாடு கரை சேர்த்தவளுக்கு மொதலு." சிரித்துக்கொண்டேதான் சொல்வாள்.

பத்து மணிக்கு ஆட்டோ வந்து நின்றது. அப்பாதுரை எழுபது வயதுக்காரர், வெள்ளை வேட்டி, தோளில் துண்டு. இரண்டு கூடையையும் இறக்கினார். உம்முசல்மா வாசற்படியில் நின்றாள்.

"மாமா, ஒரு நிமிஷம்!" என்றாள் அம்பரீன், காமிராவைக் கையில் வைத்துக்கொண்டு. "உம்முசல்மா காலா வாசல்ல நிழல் விழுது. மொதல்ல இந்தப் பக்கம் வாங்க, வெயில் நல்லா இருக்குது."

அப்பாதுரை தயங்கினார். தங்கச்சியைப் பார்த்தார். பூவம்மாளுக்கு ஒழுங்கு தெரியும். "இல்லம்மா, மொதல்ல அங்கதான்" என்று ஒரு வார்த்தை போதும். அவள் அந்த வார்த்தையைச் சொல்லவில்லை. முந்தானையைச் சரிசெய்துகொண்டு இரண்டு கையையும் நீட்டினாள்.

கூடை பூவம்மாள் கைக்குப் போனது. காமிரா ஐந்தாறு தரம் சத்தம் போட்டது. தெருவே பார்த்தது. உம்முசல்மா பேரீச்சம்பழப் பொட்டலத்தை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டாள்.

பிறகு அப்பாதுரை அவள் வாசலுக்கு வந்தார். "தங்கச்சி, வரிசை வாங்கிக்கோமா."

உம்முசல்மா கையை நீட்டவில்லை. "எடுத்துக்கினு போங்கண்ணே."

"இன்னாமா சொல்ற?"

"ரெண்டாவதா வர்ற கூடை எனக்கு வேணாம். அவ வூட்லயே ரெண்டையும் வெச்சிக்க சொல்லுங்க. கதையும் அங்க, காலாவும் அங்க, கூடை மட்டும் எதுக்கு இங்க?"

"சல்மா!" என்றாள் பூவம்மாள் அடுத்த வாசலிலிருந்து. "கூடைய நெறையா திருப்பாதடி!"

அப்பாதுரை நின்று பார்த்தார். துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். கரும்பு, மஞ்சள், பூசணி, அரிசி எல்லாம் இருந்தபடியே கூடையைத் தூக்கி அதே ஆட்டோவில் ஏறினார். எட்டுத் தலைமுறையில் முதல் முறையாக மாகறல் கூடை நிறைந்தபடி திரும்பியது.

பொங்கலன்று பூவம்மாள் வரவில்லை. மாட்டுப் பொங்கலன்றும் வரவில்லை. மாம்பழ நிறச் சேலை ஒன்று ஒரு ஓரம் குஞ்சம் கட்டி, மறு ஓரம் நூல் பிரிந்து தொங்கியபடி கிடந்தது. மறு ஓரத்தையும் தானே கட்டிப் பார்த்தாள் உம்முசல்மா. கட்ட முடிந்தது, ஆனால் இரண்டு கை முடிச்சும் ஒன்றாக இல்லை. அவிழ்த்துவிட்டாள். அம்பரீன் வந்து வாசலிலேயே நின்று, "காலா, என்னாலதான் இப்படி ஆச்சு. எனக்கு அந்த முறை தெரியாது. மன்னிச்சிடுங்க" என்றாள். "தெரிஞ்சவ ஒருத்தி அங்க நின்னுக்கினு இருந்தாளே" என்று மட்டும் சொல்லி உம்முசல்மா உள்ளே போய்விட்டாள்.

மத்தியானம் ஷாஹித் சாப்பிட வந்தான். அவன் அதிகம் பேசாதவன். ரசத்தைப் பிசைந்துகொண்டே கேட்டான்.

"அம்மீ, ஒண்ணு கேக்கட்டா? கோவப்படக் கூடாது."

"கேளு."

"மாடு காப்பாத்துனதுக்கு நன்றின்னா, அந்தக் கூடை மொதல்ல வந்தா இன்னா, ரெண்டாவது வந்தா இன்னா? நன்றிக்கு ஏது மொதலு?"

உம்முசல்மா குழம்புச் சட்டியை மூடினாள்.

"மாடு காப்பாத்துனவங்களுக்கு ஒரு மாடு தருவாங்க. மஞ்சக் கொத்து யாராவது தருவாங்களா? அது பொண்ணுக்குத் தர்றது. பொறந்த வூட்டு வரிசைன்னு நெனச்சிதானே நீ கோவிச்சிக்கினு திருப்பி அனுப்புன? பொறந்த வூட்டு மேலதான் அப்டி கோவப்பட முடியும்."

"சாப்புடுடா, சோறு ஆறுது" என்றாள். ஆனால் அது போய்த் தைத்த இடம் தைத்ததுதான். நாற்பது வருஷம் தெருவுக்குச் சொன்ன கதையை அவளே தெரு நடுவில், பத்துப் பேர் பார்க்க, பொய்யாக்கிவிட்டிருந்தாள். வெறும் மரியாதைக் கூடையாக இருந்தால் சலாம் சொல்லி வாங்கி வைத்திருப்பாள். மகள் என்ற உரிமை இருந்ததால்தான் வீசி எறிந்தாள். அந்த உரிமையும் இப்போது கூடையோடு போய்விட்டது.

இதைவிட ஒன்று குத்தியது. கூடைக் கதை புத்தகத்தில் வரும்போது கடைசி வரி எப்படி இருக்கும்? பீஜப்பூர்க்காரரின் பேத்தி பொறாமையில் கூடையைத் திருப்பினாள் என்று இருக்கும். அதையும் பூவம்மாள்தான் சொல்வாள், சிரிக்கச் சிரிக்கச் சொல்வாள்.

மறுநாள் காணும் பொங்கல். உறவுக்காரர்களைப் போய்ப் பார்க்கிற நாள். பிறந்த வீட்டுக்கு அழைக்காமல் போகலாம், அதில் குறைச்சல் இல்லை என்பார்கள். உம்முசல்மா புர்காவைப் போட்டுக்கொண்டு, பேரீச்சம்பழப் பொட்டலத்தைப் பையில் வைத்துக்கொண்டு, பஸ் ஸ்டாண்டில் உத்திரமேரூர் பஸ் ஏறினாள். கூட்டம். மாகறல் வரைக்கும் கம்பியைப் பிடித்துக்கொண்டே நின்றாள். அறுபத்தாறு வயதில் அந்த ஊருக்கு அது அவளுக்கு முதல் தடவை. கூடை வரும், இவர்கள் போக மாட்டார்கள். அதுதான் வழக்கமாக இருந்தது.

அப்பாதுரை வீட்டுக்கூடத்தில் படையல் போட்டிருந்தார்கள். அந்தக் குடும்பத்தில் காணும் பொங்கலன்று, வீட்டில் பிறந்து வாழ்ந்து செத்த பெண்களைப் பூவாடைக்காரி என்று கும்பிட்டு, ஆளுக்கொரு இலை போட்டுப் பேர் சொல்லிச் சோறு வைப்பார்கள். ஒவ்வொரு இலைமேலும் ஒரு முழம் பூ. எல்லோரும் இருந்தார்கள். பூவம்மாள் இலைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். அவளை ஒட்டி, தோளோடு தோளாக, அம்பரீன் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தாள். அதைப் பார்த்ததும் உம்முசல்மாவுக்கு வந்த வழியே திரும்பிவிடலாமா என்று இருந்தது. கால் அரை அடி திரும்பியும்விட்டது.

"யாரு, சல்மாவா?" அப்பாதுரை எழுந்தார். "வாமா. உள்ள வா."

பூவம்மாள் பார்த்தாள். கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தாள். அவளுக்கும் அம்பரீனுக்கும் நடுவில் ஒரு ஆள் உட்காரும் இடம் வந்தது. உம்முசல்மா அந்த இடத்தில் போய் அழுத்தமாக உட்கார்ந்தாள்.

இலைகளை எண்ணிப் பார்த்தாள். ஏழு. அப்பாதுரை ஒவ்வொரு இலைக்கும் பேர் சொன்னார். முத்தாயி. கங்கையம்மாள். பொன்னி. இப்படி ஆறு பேர் முடிந்தது. ஏழாவது இலைக்கு வந்ததும் பேர் எதுவும் சொல்லாமல் தண்ணீரை மட்டும் சுற்றி விட்டார்.

"அது யாருக்குண்ணே?"

"பேரு தெரியாதும்மா. போனவ. கெணத்துல வுழுந்துட்டான்னு ஊருக்கு சொல்லிட்டாங்களாம். அவ பேர அதுக்கப்புறம் வூட்ல யாரும் எடுக்கக் கூடாதுன்னு பெரியவரு சத்தியம் வாங்கிட்டாரு. அவளப் பெத்தவதான் மனசு கேக்காம யாருக்கும் தெரியாம மொத கூடைய அனுப்புனா. பேரு அப்டியே மறந்து போச்சு. இலை மட்டும் போடுறோம்."

உம்முசல்மா தலைத்துணியை இழுத்து விட்டுக்கொண்டாள். இந்த வீட்டில் எட்டுத் தலைமுறையாக ஒரு இலை பேரில்லாமல் காய்ந்துகொண்டிருக்கிறது. பேர் தன் தொண்டையில் இருக்கிறது. பூவம்மாளுக்குத் தெரியாதது. அம்பரீனுக்குத் தெரியாதது. உலகத்தில் தனக்கு மட்டும் தெரிந்தது. அந்த நேரத்திலும் அவளுக்கு முதலில் வாயில் வந்தது வேறு.

"ஏம்மா அம்பரீன். அந்தப் பேர நான் சொன்னா, நான் சொன்னதா எழுதுவியா, இவ சொன்னதா எழுதுவியா?"

அம்பரீன் திகைத்தாள். பூவம்மாள் தலையில் அடித்துக்கொண்டாள். "அடிப்பாவி! உனக்கு பேரு தெரியுமாடி? நாப்பத்தி ரெண்டு வருஷமா வாயில வெச்சிக்கினு இருந்தியா? என்கிட்டகூட சொல்லலியே!"

"உன்கிட்ட சொல்லியிருந்தா அதையும் இந்நேரம் வித்துட்டிருப்ப."

"நீங்க சொன்னதாத்தான் எழுதுவேன், காலா" என்றாள் அம்பரீன்.

"அதெல்லாம் எழுதறப்ப பாத்துக்கலாம்" என்றார் அப்பாதுரை. தண்ணீர்ச் சொம்பை மறுபடி கையில் எடுத்தார். "இலை ஆறிக்கினு இருக்குது தங்கச்சி."

"நான் கும்பிட மாட்டேன்ணே. எங்களுக்கு அது கெடையாது. பேரு சொல்றேன்." உம்முசல்மா இலையைப் பார்த்துச் சொன்னாள். "வெள்ளச்சி. எங்க வூட்டுக்கு வந்து ஹாஜரா பீ. நாங்க துவாவுல ஹாஜரான்னு சொல்லுவோம். உங்களுக்கு வெள்ளச்சி."

"வெள்ளச்சி" என்றார் அப்பாதுரை. மறுபடி தண்ணீரைச் சுற்றி விட்டார். வீட்டுப் பெண்கள் ஒவ்வொருவராக அந்தப் பேரைச் சொல்லிப் பார்த்துக்கொண்டார்கள். பூவம்மாள் மட்டும் வாய் திறக்கவில்லை. உம்முசல்மா ஓரக்கண்ணால் பார்த்தாள். பூவம்மாளின் மூக்கு சிவந்திருந்தது. அழுகையா பொச்சரிப்பா என்று தெரியவில்லை. பொச்சரிப்பும் கொஞ்சம் இருந்திருந்தால் உம்முசல்மாவுக்குச் சந்தோஷம்தான்.

சாப்பாட்டுக்குப் பிறகு கூடத்து மூலையில் வைத்திருந்த கூடையை அப்பாதுரை காட்டினார். அரிசி, மஞ்சள், கரும்பு எதையும் யாரும் தொடவில்லை.

"திரும்புன கூடைய நான் மறுபடி தூக்கக் கூடாதும்மா. அது எங்க வழக்கம். வூட்டுப் பொண்ணு தானா எடுத்துக்கினு போனா நான் தடுக்க முடியாது."

உம்முசல்மா ஒரு கைப்பிடி அரிசியை எடுத்து அவர் வீட்டு முறத்தில் போட்டாள். பேரீச்சம்பழத்தை அதன்மேல் வைத்தாள். கூடையைத் தூக்கினாள். கனம், தடுமாறினாள். பூவம்மாள் வந்து ஒரு பக்கம் பிடித்தாள்.

"வுடுடி, நான் தூக்கிக்கிறேன்."

"பூசணிக்காய பஸ்ல உருட்டி வுட்டுடுவ. புடி."

"அன்னிக்கி மொதல்ல அங்க போங்கன்னு உன் வாயில வரலியே, ஏன்டி?"

பூவம்மாள் கூடையின் பிடியைக் கை மாற்றிக்கொண்டாள். "ஒரே ஒரு தடவ எனக்கு மொதல்ல வரட்டும்னு இருந்துச்சி. அவ்ளோதான்."

அந்த ஆசை என்னவென்று உம்முசல்மாவுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. இரண்டு பேரும் கூடையின் இரண்டு பக்கம் பிடித்துக்கொண்டு பஸ் நிற்கிற இடத்துக்கு நடந்தார்கள். கரும்பு பின்னால் வந்த அம்பரீன் கையில் இருந்தது.

அந்த வருஷக் கடைசியில் புத்தகம் தபாலில் வந்தது. இரண்டு பிரதி, ஆளுக்கு ஒன்று. காஞ்சிபுரத்து அத்தியாயத்தில் ஒரு போட்டோ. வெயில் பட்ட வாசலில் பூவம்மாள் கூடை வாங்குகிறாள், பல்லெல்லாம் தெரிகிறது. உம்முசல்மா படம் பின்னால் சின்னதாக, குஞ்சம் கட்டும்போது எடுத்தது. ஷாஹித்தை உட்காரவைத்து யார் பேர் எத்தனை தரம் வருகிறது என்று எண்ணச் சொன்னாள். பூவம்மாள் பதினொன்று. உம்முசல்மா ஒன்பது.

"மறுபடி எண்ணு."

"ரெண்டு வாட்டி எண்ணிட்டேன் அம்மீ."

மதார் சாயபுவின் பீஜப்பூர் நாலு வரியில் முடிந்துபோயிருந்தது. அதைக் கேட்டு முகத்தைச் சுளித்தாள். வாலாஜாபாத்து நாத்தனார்கள் இதைப் படித்துவிட்டு, உள்ளூர் ரத்தம்தானே என்று ஜாடை பேசுவார்கள், பேசட்டும். பிறகு ஷாஹித் ஒரு பத்தியைப் படித்தான். 'எட்டுத் தலைமுறை பேர் இல்லாமல் இருந்த இலைக்குப் பேர் கிடைத்தது. வெள்ளச்சி என்ற அந்தப் பேரைக் காப்பாற்றி வைத்திருந்தவர், அந்த வம்சத்தின் மூத்த மகள் உம்முசல்மா. அவர் ஒருவருக்கு மட்டுமே அது தெரிந்திருந்தது.'

உம்முசல்மா பட்டு நூலை மடியில் வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

"அந்த 'ஒருவருக்கு மட்டுமே'ன்றத மறுபடி படி."

படித்தான்.

"இப்டி இல்லடா. அந்த ஜன்னல் பக்கம் திரும்பிக்கினு, சத்தமா."

ஷாஹித் சிரித்துக்கொண்டே சுவர்ப் பக்கம் திரும்பி, பள்ளிக்கூடத்துப் பையன் மாதிரி ராகம் போட்டுப் படித்தான். முடித்ததும் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து பூவம்மாளின் குரல் வந்தது.

"கேக்குதுடி, கேக்குது. அப்டியே பக்கத்த திருப்ப சொல்லு. அடுத்த பக்கம் பூரா நான்தான்."